ஒரு கை பெருத்த ஸ்வெட்டர்

"அசையாம நில்லுங்க."

"நான் அசையவே இல்லம்மா. நீ பிடிச்சிருக்கிறதுதான் என்னைச் சுத்தி வருது."

ஊசியக்கா ஓர் அடி பின்னால் போய்ப் பார்த்தாள். ஸ்வெட்டரின் முதுகுப்புறம் மட்டும்தான் முடிந்திருந்தது. அதைக் கணவரின் முதுகில் வைத்துப் பிடித்தால், அது முதுகைத் தாண்டி, விலாவைத் தாண்டி, முன்பக்கம் வந்து சட்டைப் பொத்தானுக்குப் பக்கத்தில் சந்தித்துக்கொண்டது. அவர் ஒன்றும் ஒல்லி இல்லை. ஸ்வெட்டரும் அவருக்கு இல்லை. அவருடைய அக்காவுக்கு. அந்த அம்மாள் அவரில் பாதி இருப்பார்.

"இன்னும் முன்பக்கம் வேற பின்னணுமா?" என்றார் அவர். "இதுலயே ரெண்டு பொத்தான் வச்சா வேலை முடிஞ்சுது."

"கொஞ்சம் அளந்து பேசுங்க."

"இந்த வீட்டுல எதையாவது ஒண்ணை அளந்துதானே ஆகணும்."

அந்தக் குடியிருப்பில் அவளுடைய உண்மைப் பெயர் தபால்காரருக்கு மட்டும்தான் தெரியும். மற்ற எல்லாருக்கும் ஊசியக்கா. காலையில் பல் மருத்துவமனையில் டோக்கன் கொடுப்பாள். டோக்கனுக்கும் டோக்கனுக்கும் நடுவே பின்னுவாள். பஸ்ஸில் பின்னுவாள். ஒரு துக்க வீட்டில்கூடப் பின்னியிருக்கிறாள். அழுகை வந்தபோது மட்டும் ஊசியைக் கீழே வைத்தாள் என்று கேள்வி. கை நிற்காதே தவிர, பின்னுவது யாருக்குச் சேரும் என்பதெல்லாம் ஆண்டவன் சித்தம். அளவெடுத்துப் பின்னும் பழக்கம் அவளிடம் மருந்துக்கும் கிடையாது.

அவள் கணவர் ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் பாய்லர் பார்க்கிறவர். வட்டக் கண்ணாடிக்குள் நடுங்கும் ஒரு முள்ளை நாளெல்லாம் பார்த்துக்கொண்டிருப்பது அவர் வேலை. முள் சிவப்புக் கோட்டைத் தொடாதவரை உலகத்தில் எல்லாம் நலமே என்பது அவர் கொள்கை. வீட்டிலும் அதே கொள்கைதான். அதனால் அந்த வீட்டில் சண்டை என்பது அபூர்வம்.

அவருடைய அக்கா, அதாவது ஊசியக்காவின் நாத்தனார், வேறு ரகம். வேலையில் இருந்த காலம் முழுக்க எடை, அளவு ஆய்வாளர். அவர் சந்தைக்குள் நுழைந்தால் கடைக்காரர்களின் தராசுகள் தாமாகவே நேராகிவிடும் என்பார்கள். ஒரு குன்றிமணி குறைந்தாலும் படிக்கல்லைப் பறிமுதல் செய்துவிடுவார். வீட்டிலும் பேச்சு நிறுத்துப் போட்டதுபோல் வரும். பொய் என்பதே அவர் வாயில் வராது. மகளின் கல்யாணத்தில் "சாப்பாடு எப்படி?" என்று சம்பந்தி கேட்டதற்கே "உப்பு தூக்கல்" என்று உண்மையைச் சொன்னவர்.

போன குளிர்காலத்தில் அவர் வந்து தங்கியபோது, ஊசியக்கா ஆசை ஆசையாக ஒரு குல்லாய் பின்னிக் கொடுத்தாள். போட்டுப் பார்த்தார். குல்லாய் நெற்றியில் நிற்கவில்லை, மூக்கிலும் நிற்கவில்லை, தாடையில் போய்த்தான் நின்றது. உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது.

"உனக்கு எதுலயும் அளவே தெரியாதும்மா."

குல்லாய்க்கு அளவு தெரியாது என்று சொல்லியிருந்தால் ஊசியக்காவே சிரித்திருப்பாள். 'எதுலயும்' என்றாரே! அந்த ஒரு வார்த்தை ஒரு வருஷமாக அவள் தொண்டையில் முள்ளாக நின்றது. பல் டாக்டரால் எடுக்க முடியாத முள். இந்தக் குளிருக்கு நாத்தனார் மறுபடி வருகிறார். அவர் அளவுக்கு ஒரு ஸ்வெட்டர் பின்னி, அதே வாயால் 'அளவு சரியா இருக்கு' என்று சொல்ல வைத்துவிட வேண்டும். அதற்குமேல் ஊசியக்காவுக்கு இந்த ஜென்மத்தில் வேறு ஆசை இல்லை.

நாத்தனாரின் மகளிடம் ரகசியமாக அளவு வாங்கியிருந்தாள். அந்தப் பெண்ணிடம் ரகசியம் சொல்வதும் ஊர் கூட்டிச் சொல்வதும் ஒன்றுதான். அன்று சாயங்காலமே நாத்தனாரிடமிருந்து போன் வந்தது.

"ஸ்வெட்டராமே. மார்பளவு எழுதி வச்சியா, மனசுல வச்சியா?"

இப்படி ஆரம்பித்த ஸ்வெட்டரின் முதுகுதான் கணவரைச் சுற்றி வளைத்து நின்றது.

"எல்லாம் இந்தப் புத்தகத்தால வந்தது," என்று ஊசியக்கா பின்னல் புத்தகத்தைத் தூக்கிப் போட்டாள். "முதல் பக்கத்துலயே கட்டம் கட்டிப் போட்டிருக்கான், 'கேஜ்' பார்த்துட்டு ஆரம்பின்னு. கேஜ்னா என்னங்க?"

பாய்லர்காரர் முகம் மலர்ந்தது. கல்யாணம் ஆன நாளிலிருந்து அவர் தொழிலைப் பற்றி அவள் கேட்ட முதல் கேள்வி இது.

"முதல்லயே என்னைக் கேட்டிருக்கலாமே! வட்டமா இருக்கும். உள்ள ஒரு முள் இருக்கும். பிரஷர் ஏறினா முள் ஏறும்." ஸ்வெட்டரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஆனா இதுல அதை எங்க மாட்டுறதுன்னுதான் தெரியல."

கீழ்வீட்டில் இருக்கும் ஊசியக்காவின் தம்பி அப்போது டீக்கு வந்தான். வயரிங் வேலை செய்கிறவன். தெரியாத விஷயத்தை அவன் சந்தித்ததே கிடையாது.

"அத்தான் சொல்றது பாய்லர் கேஜ். இது அது இல்லக்கா. கேஜ்னா கம்பியோட தடிமன். நம்பர் ஏற ஏறக் கம்பி மெலிசாகும். ரயில்காரனைக் கேட்டா தண்டவாளத்துக்கு நடுவுல இருக்கிற அகலம்பான். மழை அளக்கிறவன் குழாயைக் காட்டுவான். லாரிக்காரன் டீசல் முள்ளைக் காட்டுவான்."

"ஒரு வார்த்தையை எத்தனை வீட்டுக்குத்தான் வாடகைக்கு விடுவாங்க!" என்றாள் ஊசியக்கா. "சரி, என் வீட்டுக்கு எது?"

"உனக்குக் கம்பிதான். கையில வச்சிருக்கிறது கம்பிதானே? துணி பெருசா வருதுன்னா ஊசி தடிமன்னு அர்த்தம். இதைவிடப் பெரிய நம்பர் ஊசி வாங்கு, மெலிசா இருக்கும்."

"பெரிய நம்பர்னா பெரிய ஊசியா இருக்காதாடா?"

"அக்கா, கம்பியோட மாரடிக்கிறது நீயா, நானா?"

அவன் பேச்சைக் கேட்டுக் கடையில் பெரிய நம்பரைச் சொல்லி வாங்கி வந்தாள். ஊசிகள் கட்டைவிரல் தடிமனில் இருந்தன. தம்பி சொன்னால் சரியாக இருக்கும் என்று நம்பிப் பின்னினாள். பின்னியது வலையாக வந்தது. தம்பியே அதற்குள் கையை விட்டு, அந்தப் பக்கம் இருந்த டீ டம்ளரை எடுத்துக் குடித்துவிட்டு, "ஊசிக்கு நம்பர் போட்டவன் தப்பாப் போட்டிருக்கான்" என்று சொல்லி இறங்கிப் போனான்.

அடுத்து மெல்லிய ஊசி வாங்கினாள். குடைக்கம்பி மாதிரி. அது கையில் நிற்காமல் வழுக்கியது; உரசும்போது கிறீச்சிட்டது. பல்லைக் கடித்துக்கொண்டு, அந்தப் பல் மருத்துவமனைக்கே வேலை வைக்கும் அளவுக்குக் கடித்துக்கொண்டு, ஒரு முதுகு பின்னி முடித்தாள். அது பொம்மைக்குப் போடும் அளவில் இருந்தது. சுவரில் சாய்த்து வைத்தால் தானாக நின்றது.

"மிதியடியாப் போட்டுக்கலாமா?" என்று பாய்லர்காரர் கேட்டார். கேட்டிருக்க வேண்டாம்.

கடைசியில் நூல்கடை அம்மாள்தான் சிரிப்பை அடக்கிக்கொண்டு விளக்கினாள். பின்னலில் கேஜ் என்றால் வேறொன்றும் இல்லை. முதலில் கையகலத்துக்கு ஒரு சதுரம் பின்னி, ஓர் அங்குலத்துக்கு எத்தனை கண்ணி, அதாவது நூல் வளையம், விழுகிறது என்று எண்ணிப் பார்ப்பது. புத்தகத்துக் கணக்கும் உன் கைக்கணக்கும் ஒத்துப்போனால் மட்டும் மேலே போ.

"இவ்வளவுதானா!" என்று பழைய ஊசிகளையே எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள் ஊசியக்கா. சதுரம் ஆரம்பித்ததுமே போன் வந்தது. ஸ்பீக்கரில் போட்டுவிட்டுப் பின்னினாள்.

"கேஜ் பாக்கிறியாமே," என்றார் நாத்தனார். மகள் வேலை. "இப்பத்தான் பாக்கிறியா?"

"இப்பத்தான் அண்ணி."

"சரி. ஒண்ணு சொல்றேன், கேட்டுக்கோ. தராசைச் சோதிக்கிறதுக்கு முன்னாடி, தராசு நிக்கிற மேஜை ஆடுதான்னு பாக்கணும். நான் எந்தக் கடைக்குப் போனாலும் முதல்ல மேஜையைத்தான் ஆட்டிப் பாப்பேன். டீக்கு இன்னமும் சர்க்கரையைக் கையாலதான் அள்ளிப் போடுறியா?"

"ஆமா அண்ணி."

"ம்."

அந்த 'ம்' ஒரு கிலோ இருக்கும். போன் வைத்தபின் ஊசியக்கா சதுரத்தை அளந்தாள். புத்தகத்தில் போட்டபடியே, ஒரு கண்ணிகூட இசகுபிசகு இல்லாமல் அச்சாக இருந்தது. துள்ளிக் குதித்து எழுந்தாள். டிவியில் நகைச்சுவைத் தொடர் ஓட, பக்கத்தில் கணவர் துணி மடிக்க, சந்தோஷமாக முதுகுப்புறம் முழுவதையும் மறுபடி பின்னி முடித்தாள்.

மறுபடியும் கதவளவு.

அவள் அழவில்லை. அதைத் தலையோடு போர்த்திக்கொண்டு சோபாவில் படுத்துவிட்டாள்.

பாய்லர்காரர் பக்கத்தில் உட்கார்ந்து அந்தப் பின்னலை மெதுவாகத் தடவிப் பார்த்தார். முள்ளைப் பார்த்தே பாய்லரின் மனசைச் சொல்லுகிறவர் அவர். விரல் ஓர் இடத்தில் நின்றது.

"இங்க மட்டும் ஒரு பட்டை இறுக்கமா இருக்கே. அன்னைக்கு என்ன ஆச்சு?"

போர்வைக்குள்ளிருந்து பதில் வந்தது. "உங்க அக்கா போன்."

"இங்க தொளதொளன்னு இருக்கே?"

"அன்னைக்கு நீங்க பாத்திரம் கழுவினீங்க."

"அந்தச் சதுரம் பின்னினப்போ?"

"அதான் சொன்னேனே. உங்க அக்கா..." என்றவள் போர்வையை விலக்கிக்கொண்டு எழுந்து உட்கார்ந்தாள்.

"மேஜை ஆடுதும்மா," என்றார் அவர். "நீதான் மேஜை. சந்தோஷமா இருந்தா உன் கை தளர்ந்துடுது. எரிச்சல் வந்தா கச்சிதமாப் பின்னுது. அந்தப் புத்தகம் எழுதினவன் யாரோ, கோபக்காரன். நீ கொஞ்சம் கோபமா இருந்தாத்தான் அவன் கணக்குக்கு வருவே."

ஊசியக்கா யோசித்தாள். யோசிக்க யோசிக்க அது உண்மை என்று பட்டது. அந்தக் குல்லாயைப் பின்னியதுகூட நாத்தனார் வரப்போகிறார் என்ற குஷியில்தான்.

"அப்ப ஸ்வெட்டர் முடியிறவரைக்கும் என்னைக் கோபமா வச்சிருங்க," என்றாள். "ரொம்பவும் வேண்டாம். அளவா."

அந்த மனிதருக்கு வாழ்க்கையில் கிடைத்த வேலைகளிலேயே கஷ்டமான வேலை அதுதான். முதல் நாள் டீயைக் குடித்துவிட்டு, "என்ன டீ இது, வாயில வைக்க முடியல," என்றார். சொல்லிவிட்டு டம்ளரைக் காலி செய்தார். ஊசியக்கா சிரித்த சிரிப்பில் ஒரு வரிசை முழுக்கக் கழன்றது.

மறுநாள், "உன் தம்பிக்கு ஒரு எழவும் தெரியாது," என்று முயன்றார்.

"நீங்க இப்பத்தான் கண்டுபிடிச்சீங்களா?" என்றாள் அவள், ஆனந்தமாக.

மூன்றாவது முயற்சியாக நனைந்த குடையைக் கொண்டுபோய் அவள் தலையணையில் விரித்து வைத்தார். இது வேலை செய்தது. கொஞ்சம் அதிகமாகவே செய்தது. அன்று பின்னிய வரிசையில் ஊசி நுழையவே இல்லை. குறடு வைத்துத்தான் பிரிக்க வேண்டியிருந்தது. அவரும் ஹாலில் படுக்க வேண்டியிருந்தது.

"என்னால ஆகாதும்மா," என்று காலையில் சரணடைந்தார். "எனக்கு ஒண்ணு பச்சை, இல்லேன்னா சிவப்பு. நடுவுல நிறுத்தத் தெரியல. இதுக்குன்னு பிறந்தவ எங்க அக்கா ஒருத்திதான்."

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு போனைப் பார்த்தார்கள்.

அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் ஊசியக்காவே நாத்தனாருக்குப் போன் செய்தாள். ஸ்பீக்கரைப் போட்டு, போனை நூலுண்டைமேல் சாய்த்து வைத்து, ஊசிகளைக் கையில் எடுத்துக்கொண்டு, "என்ன அண்ணி, எப்படி இருக்கீங்க?" என்று ஆரம்பிப்பாள். அந்தப் பக்கத்திலிருந்து நிறுத்துப் போட்டதுபோல் வரும்.

"ஜன்னலைச் சாத்தினியா?"

"சாத்தினேன் அண்ணி."

"முழுசாவா, முக்காலா?"

கண்ணி கச்சிதமாக விழும்.

"என் தம்பி இளைச்சிருக்கானாமே. நீ போட்டோவுல பாத்தியா, நேர்ல பாத்தியா?"

இன்னும் கச்சிதமாக விழும். பாய்லர்காரர் எதிரே உட்கார்ந்து, மனைவியின் முகத்தை முள்ளைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருப்பார். முகம் சிவக்க ஆரம்பித்தால் ஒரு டம்ளர் தண்ணீரை நீட்டுவார். தணிந்துபோனால், "அக்கா, இவ புது மிக்ஸி வேணும்னு கேக்கிறா" என்று போனுக்குள் குரல் கொடுப்பார். அந்தப் பக்கம் உடனே சூடு ஏறும். இந்தப் பக்கமும் ஏறும்.

முதுகு முடிந்தது. அச்சு. முன்பக்கம் முடிந்தது. அச்சு. வலது கையும் முடிந்து, அங்குல நாடாவை வைத்துப் பார்த்தால் நாடாவே வெட்கப்படும்போல் இருந்தது. பாக்கி இடது கை ஒன்றுதான்.

இடது கையின் மணிக்கட்டைத் தாண்டிய சமயத்தில்தான் அந்தப் போன் வந்தது. வழக்கத்துக்கு மாறாக, அன்று நாத்தனாரே முந்திக்கொண்டார்.

"என்ன, இன்னைக்கு நேரமாச்சு, உன் போனைக் காணோம்?"

"கிளினிக்ல கூட்டம் அண்ணி. இப்பத்தான் உள்ள வந்தேன்."

"டீ போட்டு வச்சேன். ஆறிடுச்சு."

"எதுக்கு அண்ணி ஆற வச்சீங்க?"

அந்தப் பக்கம் டம்ளரைத் தள்ளி வைக்கும் சத்தம் கேட்டது.

"நீ பேசுற நேரம் பாத்துத்தான் டீ போடுறேன். ரிட்டயர் ஆனதுலேர்ந்து சாயங்காலம் ஆனா வீடு கம்முனு கிடக்கும். மக வேலையிலேர்ந்து வர எட்டு மணி ஆகும். தெருவுல எடை போடுற சத்தம் கேட்டாக்கூட எழுந்துபோய்ப் பாப்பேன். இப்ப உன் போன் வருதா, எனக்கு நல்லாப் பொழுது போகுது. வேணும்னுதான் ஏதாவது கேட்டுக்கிட்டே இருக்கேன். இல்லேன்னா நீ வச்சிடுவியே."

ஊசியக்காவுக்குக் கண் கலங்கிவிட்டது. ஒரு வருஷமாகத் தொண்டையில் நின்ற முள் அப்படியே கரைந்து உள்ளே இறங்குவதுபோல் இருந்தது. "நான் எதுக்கு அண்ணி வைக்கப் போறேன்?" என்றாள். அன்று இருவரும் பேசி முடித்தபோது டீ மறுபடி இரண்டு வீட்டிலும் ஆறியிருந்தது.

அடுத்த நாள் பேச்சு இன்னும் நீண்டது. சந்தையில் ஒரு மீன்காரர் படிக்கல்லை வாய்க்குள் ஒளித்துக்கொண்டு பேசாமல் சைகை காட்டிய கதையை நாத்தனார் சொன்னார். ஊசியக்கா சிரித்துச் சிரித்து சோபாவிலிருந்து கீழே வந்துவிட்டாள். கை மட்டும் நிற்கவில்லை. தண்ணீர் டம்ளரோடு எதிரே காத்திருந்த பாய்லர்காரரும் சிரித்துவிட்டு, தண்ணீரைத் தானே குடித்துவிட்டார். முள்ளைப் பார்க்க யாருமே இல்லை.

நாத்தனார் மறுநாள் காலை வருகிறார் என்ற நிலையில்தான், எல்லாத் துண்டுகளையும் சேர்த்துத் தைத்துத் தூக்கிப் பிடித்தாள். இடது கை, மணிக்கட்டில் மணிக்கட்டாக ஆரம்பித்து, முழங்கையில் தொடையாகி, தோளுக்கு வரும்போது தலையணை உறையாக இருந்தது.

"ஐயோ!" என்றாள் ஊசியக்கா.

"பிரிச்சுப் பின்னிடு," என்றார் கணவர்.

பிரித்து மறுபடி பின்ன உட்கார்ந்தாள். ஆனால் கோபத்துக்கு எங்கே போவது? "அக்கா அன்னைக்குக் குல்லாயைப் பத்தி என்ன சொன்னா, ஞாபகம் இருக்கா? 'எதுலயும்'னாளே!" என்று அவர் எண்ணெய் ஊற்றிப் பார்த்தார்.

"பாவம், தனியா டீ குடிச்சுக்கிட்டு இருந்திருக்காங்க," என்றாள் அவள். கை முன்னைவிடத் தளர்ந்தது; பின்னி முடித்ததும் அதே தலையணை உறைதான்.

தம்பி வந்தான். "கம்பளிதானே? வெந்நீர்ல முக்கினா சுருங்கும்." வேறு வழி தெரியாமல் முக்கினார்கள். அந்தக் கம்பளிக்கு அந்த விஷயம் யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது. சுருங்காமல் தண்ணீரைக் குடித்துக் கனத்து, கொடியில் போட்டதும் இன்னும் ஒரு பிடி அகலமாகத் தொங்கியது. தம்பி, அவசரமாக ஒரு வீட்டில் கரண்ட் போயிருக்கிறது என்று நினைவு வந்து இறங்கிப் போனான்.

ஊசியக்கா கொடிக்கு அடியில் உட்கார்ந்துவிட்டாள். இடது கை அவள் தலையில் சொட்டிக்கொண்டிருந்தது.

"அவங்க சொன்னதுதான் சரிங்க. எனக்கு எதுலயும் அளவு தெரியாது. கோபமா இருந்தா ஒரு அளவு, பாசம் வந்தா ஒரு அளவு. 'அளவு சரியா இருக்கு'ன்னு அவங்க வாயால ஒரு தடவை கேட்டுடணும்னு இருந்தேன். அவங்களுக்குப் பொய் சொல்ல வராது. நாளைக்கு இதைப் போட்டுப் பாத்துட்டு, உள்ளதைத்தான் சொல்லப் போறாங்க."

பாய்லர்காரருக்கு மனசு தாங்கவில்லை. எழுந்து பால்கனிக்குப் போனார்.

"எங்க போறீங்க?"

"ஷிப்ட் ஆளுக்கு ஒரு போன். கேஜ் ஒண்ணு சரியில்ல, சொல்லணும்," என்று கதவைச் சாத்திக்கொண்டார்.

மறுநாள் காலை வாசலில் டாக்ஸி வந்து நின்றது. முதலில் நாத்தனாரின் மகள் பெட்டிகளோடு இறங்கினாள். பிறகு நாத்தனார் இறங்கினார். இறங்கியவரைப் பார்த்து ஊசியக்கா இரண்டே எட்டில் டாக்ஸிக்கு ஓடினாள். அவருடைய இடது கையில், மணிக்கட்டுக்கு மேலிருந்து தோள்வரைக்கும், போகப் போகப் பருத்த பெரிய கட்டு.

"அண்ணி! என்ன அண்ணி இது? நேத்து முந்தாநாள்கூடப் பேசினோமே!"

நாத்தனார் அவள் முகத்தைப் பார்க்காமல் மாடிப்படியைப் பார்த்தார். "சறுக்கல்" என்றார். ஒற்றைச் சொல்.

"எங்க சறுக்கினீங்க? டாக்டர் என்ன சொன்னார்?"

"வரும்போது." இதுவும் ஒற்றைச் சொல். "ஸ்வெட்டர் எங்க?"

"அதெல்லாம் இப்ப எதுக்கு அண்ணி? முதல்ல உக்காருங்க."

"கொண்டா."

ராத்திரி முழுக்க இஸ்திரி போட்டு உலர்த்தியதைக் கொண்டு வந்தாள். கழுத்து முதலில் இறங்கியது. வலது கை உறைக்குள் கத்தி போவதுபோல் நுழைந்தது. ஊசியக்கா கண்ணை மூடிக்கொண்டாள். திறந்தபோது, இடது கையின் அந்தத் தலையணை உறை, கட்டின்மேல் ஒரு சுருக்கமின்றிப் படிந்து உட்கார்ந்திருந்தது. மணிக்கட்டில் மெலிந்து, முழங்கையில் பருத்து, தோளில் விரிந்து, கட்டுக்கென்றே அளவெடுத்துப் பின்னியதுபோல.

நாத்தனார் கைப்பையிலிருந்து அங்குல நாடாவை எடுத்தார். அது இல்லாமல் அவர் எங்கேயும் போவதில்லை. மார்பை அளந்தார். தோளை அளந்தார். வலது கையை அளந்தார். இடது கைக்கு வந்ததும், அளக்காமலேயே நாடாவைச் சுருட்டிப் பைக்குள் போட்டார்.

"அளவு சரியா இருக்கு," என்றார்.

ஊசியக்கா அவரைக் கட்டிக்கொண்டாள். பாய்லர்காரர் மின்விசிறியையே பார்த்துக்கொண்டு நின்றார். குளிர்காலம் என்பதால் அது ஓடவில்லை. அழுகையும் சிரிப்புமாக ஊசியக்கா திரும்பியதில் மேஜைமேல் இருந்த டம்ளர் தட்டுப்பட்டு உருண்டது. நாத்தனார் கட்டுப்போட்ட இடது கையைச் சட்டென்று நீட்டி அதைத் தரையில் விழாமல் பிடித்தார். பிடித்த வேகத்தில் மேஜையிலேயே வைத்தார். பிறகுதான் ஏதோ நினைவு வந்தவராக, "ஸ்ஸ்" என்றார்.

'என்ன வைராக்கியம்!' என்று வியந்துகொண்டே ஊசியக்கா டீ போடச் சமையலறைக்குப் போனாள். சர்க்கரையைக் கையால் அள்ளப்போனவள், மனம் மாறி, ஸ்பூனைத் தேடி எடுத்து அளந்து போட்டாள். இனி எல்லாமே அளவுதான். இவ்வளவு நிம்மதியாக அவள் டீ போட்டதே இல்லை.

நாத்தனாரின் மகள் உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"அத்தை, கத்தரிக்கோல் இருக்கா? அம்மா கட்டை அவிழ்க்கணும்கிறாங்க. உள்ள கம்பளி அரிக்குதாம்."

"அவிழ்க்கிறதா? எலும்பு சேர வேண்டாமாடி? அதுவும் கட்டுக்குள்ள கம்பளியை யாரு வச்சது?"

"எலும்புக்கு என்ன அத்தை, அது நல்லாத்தான் இருக்கு. நேத்து நாங்க ரயில்ல வரும்போது மாமா போன் பண்ணி இடது கை மட்டும் பெருசாப் போச்சுன்னு அழாத குறையாச் சொன்னாரு, நான் ஒரு ஸ்டேஷன்ல இறங்கி ஓடிப்போய்க் கட்டுத்துணி வாங்கிட்டு வந்தேன், அதுவும் பத்தலைன்னு அம்மாதான் பெட்டியைத் திறந்து, எங்க போனாலும் கூடவே எடுத்துட்டுப் போறாங்களே, போன வருஷம் நீங்க பின்னின குல்லாய், அதை உள்ள வச்சுச் சுத்தச் சொன்னாங்க."